விழுந்தவர் மேலே போகும்வரை

ஆஸ்டின் டவுன் மாதா கோயில் மைதானத்தில் இரண்டு மரங்களுக்கு நடுவே வெள்ளைத் துணி கட்டியிருக்கிறார்கள். இருட்டத் தொடங்கும் நேரம். ஆபரேட்டர் புரொஜெக்டரின் கைப்பிடியைச் சுழற்ற, சத்தமில்லாத பழைய படம் ஓடுகிறது. மீசைக்காரர் ஒருவர் குடைத்துணியில் தைத்த சிறகுகளை மாட்டிக்கொண்டு உயரமான மாடியிலிருந்து குதிக்கிறார். கல்லைப் போல விழுகிறார். புழுதி எழுகிறது, படம் முடிகிறது.

ரயிலுக்கு நேரமாகிறதென்று எழுகிறேன். வேறு யாரும் அசையவில்லை. பக்கத்தில் வேர்க்கடலை உரித்துக்கொண்டிருக்கும் அம்மாள் என்னை நிமிர்ந்து பார்க்கிறார்.

"சொல்ப நேரம் குந்துங்க சார். அந்த ஆளு இன்னும் கீழயே கீறாரு."

"படம்தான் முடிஞ்சுபோச்சேம்மா?"

"இங்க பாதிப்பேரு ஏரோப்ளேன் பேக்டரி ஆளுங்க. எங்க வூட்டுக்காரரும் அங்கதான். உழுந்தவர அப்டியே உட்டுட்டுப் போனா ராத்திரி தூக்கம் வராது."

ஆபரேட்டர் கைப்பிடியைப் பின்பக்கமாகச் சுழற்றுகிறார். புழுதி மண்ணுக்குள் திரும்புகிறது. மீசைக்காரர் எழுந்து, சிறகு விரிய, நிதானமாக மேலே மேலே போகிறார். மைதானம் முழுக்க முகங்கள் அவரோடு உயர்கின்றன. கடலை உரித்த கை அப்படியே நிற்கிறது. அவர் கால் மாடியில் படுகிறது. உடனே ஆபரேட்டர் விளக்கை அணைக்கிறார்.

அந்த அம்மாள் மடியிலிருந்த தோலை உதறிவிட்டு எழுகிறார்.

"இப்ப போலாம் சார்."