கோடு வளைந்த கல்

அன்று குவாரியில் அப்பா, அம்மா, மேஸ்திரி, நான் என்று நான்கு பேர் இருந்தோம். இன்று வேலை செய்யும் பிரேசர் டவுன் வீட்டில், புதிய சமையல் மேடைக் கல்லின் வளைந்த கோடுகளைத் துடைக்கும்போது அந்தப் பாறை நினைவுக்கு வந்தது.

அப்பா பாறையில் வரிசையாக ஆப்புகளை இறக்கிவிட்டு, கல் தானாக விரிசல் விடும்வரை பீடி பிடிப்பார்.

“லாரி நிக்குது, அடிப்பா!” என்றார் மேஸ்திரி அன்று.

“இருங்கண்ணா. கோடு வளைஞ்சிருக்குது பாருங்க. பூமி அமுக்கி வச்ச கல்லு, அவசரப்பட்டா எகிறும்.”

“கல்லுக்குப் பயந்தா புடவை கட்டிக்கோ.”

அம்மா எதிரில் அப்படிச் சொன்னதும் அப்பா சம்மட்டியை ஓங்கினார். பாளம் துள்ளி அவர் முழங்காலை நசுக்கியது.

மேஸ்திரி முதலில் கல்லைத்தான் தடவிப் பார்த்தார். “நேரா பொளந்திருக்கு,” என்றார்.

திங்கட்கிழமை நான் பள்ளிக்கூடம் போகவில்லை. அம்மாவோடு ஜல்லி உடைக்க உட்கார்ந்தேன்.