ஓர் ஆணியில் இரண்டு கலண்டர்

ஊரில் போர் முடிந்த பிறகு, பிரான்சில் எங்கள் தமிழ்க் கடைத்தெருவான லா சப்பல் இரண்டாகப் பிரிந்தது. அதே இறந்தவர்களுக்கு, அதே நாளில், இரண்டு மண்டபங்களில் அஞ்சலி. யார் எந்தப் பக்கம் என்பதை வீட்டுச் சுவர் சொல்லிவிடும். ஜனவரி பிறந்ததும் கடைக்காரர்கள் இலவசமாகத் தரும் கலண்டர்தான் சாட்சி. எந்தக் கடையின் கலண்டர் தொங்குகிறதோ, அந்தக் கடைக்காரரின் பக்கம்தான் நீங்களும். விருந்தாளிகள் கதிரையைப் பார்க்குமுன் கலண்டரைப் பார்த்தார்கள்.

நான் கோழை. அதற்கு நடுநிலைமை என்று பெயர் வைத்திருந்தேன். அரிசியை ஒரு கடையிலும் பருப்பை எதிர்க்கடையிலும் வாங்கி, இரண்டு கலண்டரையும் ஒரே ஆணியில் மாட்டினேன். வருகிறவரைப் பொறுத்து ஒன்று மேலே வரும். மனைவி அந்த ஆணியை என் வெளிவிவகார அமைச்சு என்றாள்.

அப்படியும் ஒருவனை இழந்தேன். மார்க்ஸ் டோர்மோய் மெட்ரோவடியில் ஓர் அறையில் ஒன்பது பேர் இருந்த காலத்தில், அவனும் நானும் ஒரே மெத்தைக்காரர்கள். எனக்குப் பகல் வேலை, அவனுக்கு இரவு வேலை. நான் எழும்பிய சூட்டில் அவன் படுப்பான். ஞாயிறுகளில் ஒன்பது பேருக்கும் ஒரு கோழி. அதன் கழுத்துக்குச் சண்டை பிடிப்போம். அதைவிடப் பெரிய அரசியல் அப்போது எங்களிடம் இல்லை. பிறகு, அவனுக்கு எதிர்ப்பக்க மண்டபத்தில் நான் பூப்போட்டதைக் கேள்விப்பட்டு, மூன்று வருஷம் அவன் பேசவில்லை. மெட்ரோவில் என்னைக் கண்டால் விளம்பரங்களை வாசிப்பான். பிரெஞ்சில் அவனுக்கு அவ்வளவு ஆர்வம் முன்பு இருந்ததில்லை.

சென்ற ஆண்டு தொலைபேசினான். மகளுக்குக் கலியாணமாம், வீட்டுக்கு வந்து சொல்ல வேண்டுமாம். இன்னொரு நண்பனைத் தேடிப் பழகும் வயது எனக்கு இல்லை. அவன் பக்கத்துக் கலண்டரை மேலே போட்டுவிட்டுக் காத்திருந்தேன்.

வந்தவன் நேரே சுவரடிக்குப் போனான். மேலே இருந்ததைத் தூக்கி, கீழே இருந்ததைப் பார்த்தான். நான் தேநீர் போடுகிற சாட்டில் குசினிப் பக்கம் நகர்ந்தேன்.

“எத்தினை வருசமா மச்சான் உந்தக் கூத்து?”

“பிரிஞ்ச நாளில இருந்து.”

சிரிப்பான் என்று நினைத்தேன். அவன் கதிரையில் சரிந்து உட்கார்ந்தான். மாப்பிள்ளை வீட்டார் மற்றப் பக்கமாம். வாசலில் பன்னீர் தெளிக்க இவன் ஆளை நிறுத்தினால் அவர்கள் திரும்பிப் போய்விடுவார்கள்; அவர்கள் ஆளை நிறுத்தினால் இவன் ஆட்கள்.

“ரெண்டு பகுதியையும் பார்த்து இளிக்கிறதுக்கு உன்னை விட்டா இஞ்சை ஆரடா இருக்கிறாங்கள்?”

பிரான்சில் எனக்குக் கிடைத்த ஒரே தகுதிச் சான்றிதழ் அது. ஓம் என்றேன்.

கலியாணத்தன்று செவ்ரான் மண்டப வாசலில் பன்னீர்ச் செம்போடு மூன்று மணித்தியாலம் நின்றேன். ஒருவரும் திரும்பிப் போகவில்லை. உள்ளே போய் இரண்டு பக்கமாகத்தான் இருந்தார்கள். அதற்கு நான் பொறுப்பல்ல. தாலி கட்டியதைப் பார்க்கவில்லை, மேளம் மட்டும் கேட்டது. கொஞ்ச நேரத்தில் அவன் வெளியே வந்து என் பக்கத்தில் நின்றான். முகம் நனைந்திருந்தது. பன்னீர் பட்டிருக்கும் என்று இருவரும் வைத்துக்கொண்டோம்.