எந்தப் பாதி எங்களுடையது

நாங்கள் குடியிருந்த வீட்டில் பாதியை அப்பா வாங்கிவிட்டார் என்று தெரிந்ததும் நான் வாசலிலிருந்து கொல்லைவரை நடந்து பார்த்தேன். எந்தப் பாதி என்று ஒருவரும் எனக்குச் சொல்லவில்லை.

பெரம்பலூர் பழைய பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் இருக்கும் ஓட்டு வீடு அது. நான் பிறந்ததிலிருந்து அதில்தான் வாடகைக்கு இருந்தோம். அப்பா அரியலூரில் சிமெண்ட் லாரி ஓட்டினார். வீடு ஒரு அண்ணனுக்கும் தங்கைக்கும் பொதுவானது. தா.பழூரில் நெல் விவசாயம் பார்த்த அண்ணனை நான் ஓனர் மாமா என்பேன். தங்கையைப் பாடாலூரில் கட்டிக்கொடுத்திருந்தார்கள். மகனின் படிப்புச் செலவுக்காக, தன் பாகத்தை வாங்கிக்கொள்ளும்படி அந்தத் தங்கை முதலில் அண்ணனிடம்தான் கேட்டார். அறுப்பு முடியட்டும், பொங்கல் போகட்டும் என்று அண்ணன் இழுத்தடிக்கவே, பொறுத்துப் பார்த்துவிட்டு அப்பாவிடம் வந்துவிட்டார். அம்மாவின் நகைகள் போயின, பத்திரம் பதிவானது.

மறுநாளே அம்மா கூடத்துச் சுவரில் ஒரு ஆணி அடித்தாள். குடியிருப்பவர்கள் சுவரில் ஆணி அடிக்கக் கூடாது என்பது ஓனர் மாமாவின் சட்டம். அதனால் எங்கள் கடிகாரம் அதுவரை ஜன்னல் கம்பியில் கயிறு கட்டித் தொங்கியது. காற்றடித்தால் மணி காட்டாமல் முதுகைக் காட்டும்.

அந்த வாரமே ஓனர் மாமா வந்தார். ஆணியைப் பார்த்தார், கொடுத்த காப்பியைத் தொடாமல் எழுந்து போனார். பிறகு நோட்டீஸ் வந்தது. வாடகைக்கு வந்தவர் எதை வாங்கினாலும் வாடகைக்காரர்தான், வீட்டைக் காலி செய்ய வேண்டும் என்று வழக்கும் போட்டுவிட்டார்.

அப்பா வக்கீலைப் பார்க்கப் போனபோது நானும் தொற்றிக்கொண்டேன்.

“பாதி உங்களுதுதாங்க. ஆனா எந்தப் பாதின்னு கேக்காதீங்க. பாகம் பிரிக்கிற வரைக்கும் ஒவ்வொரு செங்கல்லுலயும் ஆளுக்குப் பாதி. உங்கள அவ்வளவு சுலபமா வெளியேத்திட முடியாது” என்றார் வக்கீல்.

அவ்வளவு சுலபமாக முடியாது என்றால் கஷ்டப்பட்டால் முடியுமா என்று அப்பா வழியெல்லாம் புலம்பிக்கொண்டே வந்தார். நகையும் போய் வீடும் போனால் எங்கே நிற்பது என்ற பயம் அவருக்கு.

நானோ சொந்தமாக ஒரு தீர்ப்பு சொல்லிக்கொண்டேன். என் கை எட்டும் உயரம்வரை எங்களுடையது, அதற்கு மேலே ஓனர் மாமாவுடையது. பல்லிகள் மொத்தமாக அவர் பக்கம் போயின. ஒட்டடை அடிக்கச் சொன்னபோது அது நம்ம பாதி இல்லை என்று சொல்லி அம்மாவிடம் நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டேன். அம்மா ஆணி அடித்திருந்ததும் அவருடைய பாதியில்தான். வழக்கு வந்ததே அதனால்தான் என்று முடிவு கட்டி, அம்மாவோடு கொஞ்ச நாள் சரியாகப் பேசவில்லை.

ஓனர் மாமாவின் அம்மா அந்த வீட்டு நடு அறையில்தான் இறந்தாராம். வருடா வருடம் திதியன்று மாமா வந்து அங்கேதான் இலை போட்டுப் படைப்பார். வழக்கு நடக்கும்போது எங்கே வரப்போகிறார் என்று நான் நினைத்தேன். அம்மா விடிந்ததுமே அந்த அறையைக் கழுவிவிட்டு விளக்கைத் துலக்கி வைத்தாள்.

அவர் வந்தார். ஆனால் எதிர்ச்சாரியில் பைக்கை நிறுத்திவிட்டு, கையில் வாழையிலைக் கட்டோடு அங்கேயே நின்றார். உள்ளே வரவும் இல்லை, திரும்பிப் போகவும் இல்லை. அவரிடம் எதுவும் பேசிவைக்க வேண்டாம் என்று வக்கீல் எச்சரித்திருந்தார். அம்மா படியிறங்கித் தெருவுக்கே போய்விட்டாள்.

“ஏன் வெயில்ல நிக்கிறீங்க? உள்ள வாங்கண்ணே. உங்க வூடுதானே” என்றாள்.

அது யார் வீடு என்றுதானே வழக்கே நடக்கிறது? அம்மா நடுத்தெருவில் நின்று தன் வாயாலேயே கொடுத்துவிட்டாள். அவர் வந்தார், படைத்தார், காக்கைக்குச் சோறு வைத்தார். பிறகு நடு அறையிலேயே வெகுநேரம் உட்கார்ந்திருந்தார்.

புறப்படும்போது, “அடுத்த வருசமும் வரலாமாம்மா?” என்று அம்மாவிடம் கேட்டார்.

“இது என்ன கேள்விண்ணே” என்றாள் அம்மா.

அப்பா லோடு இறக்கிவிட்டு வந்ததும் வாசலிலேயே மடக்கி, “அம்மா வூட்ட அவருக்கே குடுத்துருச்சுப்பா” என்று சொல்லி அழுதேன். அப்பா முழுக்கதையையும் கேட்டுவிட்டுச் சிரித்தார். இரண்டு பேருக்கும் புத்தி கெட்டுவிட்டது, இனி நான்தான் விவரமாக இருக்க வேண்டும் என்று என் கவுன்களையும் டிபன் பாக்ஸையும் மூட்டை கட்டி வைத்தேன்.

அடுத்த வாய்தாவுக்கு முன்பே ஓனர் மாமா வழக்கை வாபஸ் வாங்கிவிட்டார். தன் பாதியை அவர் விற்கவும் இல்லை, பிரிக்கச் சொல்லவும் இல்லை. அதற்கு மட்டும் வாடகை வாங்கிக்கொள்கிறார். அம்மாவும் அப்பாவும் இன்னும் அங்கேதான் இருக்கிறார்கள். திதிக்கு முதல் நாள் அவர் போன் செய்துவிடுகிறார்.

எங்களைத் துரத்துவதுதான் அவருக்கு வேண்டியிருந்தது என்று நான் நம்பியிருந்தேன். வீடு கைமாறிப் போனால் தன் அம்மாவுக்கு ஒரு இலை போட இனி யார் உள்ளே விடுவார்கள் என்று அவரும் எங்களைப் போலவே பயந்துகொண்டிருந்திருக்கிறார். அது தெரியாமல் அன்றைக்கு நான் மூட்டையைத் தலைமாட்டில் வைத்துக்கொண்டு, அவரைத் திட்டிக்கொண்டே தூங்கிப்போனேன்.