குச்சியில் நிற்காத கோழி

மார்ச் 3. கோழி 500 கிராம். ஊறியது 11 மணி நேரம். கோத்தது 16 குச்சி. நெருப்பில் விழுந்தது 9.
மார்ச் 10. 500 கிராம். 12 மணி நேரம். 16 குச்சி. விழுந்தது 11.
மார்ச் 17. 500 கிராம். 14 மணி நேரம். 15 குச்சி. விழுந்தது 13.
மார்ச் 31. 750 கிராம். 10 மணி நேரம். 24 குச்சி. விழுந்தது 12.
ஏப்ரல் 14. 750 கிராம். 16 மணி நேரம். 24 குச்சி. விழுந்தது 22.
ஏப்ரல் 28. 2 கிலோ. 9 மணி நேரம். 60 குச்சி. விழுந்தது 26.

கணக்கு எழுதியவன் நான். கோழி என் மச்சினனுடையது. அவன் என் மனைவியின் தம்பி, வயது ஐம்பத்தேழு. கொதிகலன் செய்யும் ஆலையில் இருபத்தொன்பது வருடம் பற்றவைப்பு வேலை பார்த்தவன். அவன் ஒட்டிய இரும்பு பிரிந்ததாக ஆலையில் ஒரு புகார்கூட வந்ததில்லை. அதனால் அங்கே அவனுக்குக் ‘கோந்து’ என்று பெயர். “எல்லாத்தையும் ஒட்டினான், கல்யாணம் மட்டும் ஒட்டல” என்பாள் என் மனைவி.

அவனுக்கு வலது கண் ஐந்து வருடத்துக்கு முன்பே போய்விட்டது. இடது கண்ணில் பாதி மிச்சம். ஆலையில் கையெழுத்து வாங்கிக்கொண்டு வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். அன்றிலிருந்து எங்கள் வீட்டில்தான் இருக்கிறான். காலை ஆறு மணிக்கு எழுந்து, ஆலைக்குப் போவதைப் போலச் சட்டை மாட்டி, ஜன்னலோர நாற்காலியில் உட்கார்ந்து ரேடியோ கேட்பான். பகல் ஒன்றரைக்கு அதை நிறுத்துவான். பிறகு செய்வதற்கு ஒன்றுமில்லை. கதவுக் கீல், குழாய், நாற்காலிக் கால் என்று வீட்டில் ஆடியதையெல்லாம் முதல் வருடத்திலேயே இறுக்கி முடித்துவிட்டான்.

பிப்ரவரி கடைசியில் ஒரு வழி தெரிந்தது. ஆலையில் ஓய்வு பெற்றவர்களுக்கென்று ஒரு மன்றம் உண்டு. சீட்டாட்ட மேசை நான்கு, செய்தித்தாள் மேசை ஒன்று, மூலையில் ஒரு சிற்றுண்டிக் கவுன்டர். கவுன்டரை நடத்தியவர் விலகிவிட்டார். மன்றச் செயலாளர் ஆலையில் ஸ்டோர் பார்த்தவர். அவர் கோந்துவிடம், “நம்ம கேன்டீன் மாஸ்டர் வெள்ளிக்கிழமை போடுவாரே சத்தே, அதைப் போட முடியுமா உன்னால? ஏப்ரல் இருபத்தெட்டு கமிட்டி கூடுது. சுட்டுக் காட்டு. பிடிச்சிருந்தா கவுன்டர் உனக்கு” என்றாராம்.

மசாலாவில் ஊறிய கோழித் துண்டுகளை மூங்கில் குச்சியில் கோத்துக் கரியில் சுட்டு, நிலக்கடலைக் குழம்போடு தின்பதுதான் சத்தே. கோந்து அதை இருபத்தொன்பது வருடம் தின்றிருக்கிறான். ஒரு நாளும் செய்ததில்லை. ஆனால் அன்று வீட்டுக்கு வந்தவன் செருப்பைக் கழற்றும் முன்பே, “வாரத்துல ரெண்டு சாயங்காலம் வேலை, அக்கா” என்றான். ஐந்து வருடத்தில் அவன் குரல் அப்படி உயர்ந்து நான் கேட்டதில்லை.

கேன்டீன் மாஸ்டரைத் தொலைபேசியில் பிடித்தோம். மச்சினனுக்கு எழுதக் கண் இல்லாததால் நான் எழுதினேன். நீரேற்று நிலையத்தில் முப்பத்தாறு வருடம் மணிக்கு மணி நீர்மட்டம் எழுதியவன் நான். ஒரு செய்முறை எழுதுவது பெரிய காரியமாகத் தோன்றவில்லை. எலும்பில்லாத தொடைக்கறி, விரல் நீளத் துண்டு. மஞ்சள், மல்லி, சீரகம், சின்ன வெங்காயம், எலுமிச்சைப் புல், கொஞ்சம் சர்க்கரை, அன்னாசிச் சாறு மூன்று கரண்டி. குச்சியைக் கடையில் வாங்காமல் தடித்த மூங்கிலாகப் பார்த்து வீட்டிலேயே சீவ வேண்டும். மாஸ்டர் மூச்சு விடாமல் சொல்லிக்கொண்டே போனார். கடைசியில், “ராத்திரியே ஊறப் போட்டுடுங்க, மறந்துடாதீங்க. இன்னொண்ணு அரை மணி ஊறினாப் போதும்” என்றார். நான் ‘கோழி: இரவு முழுவதும். குச்சி: அரை மணி’ என்று எழுதி அடிக்கோடு போட்டேன்.

முதல் ஞாயிறு, துணி உலர்த்தும் பின்சந்தில் அடுப்பு வைத்தோம். அடுப்பென்றால் ஒரு குழாயை நீளவாக்கில் இரண்டாக அறுத்துக் கால் வைத்தது. பழைய வேலைத்தோழர் ஒருவர் செய்து கொடுத்தார். கால் ஒட்டியிருந்த இடங்களைக் கோந்து விரலால் தடவிப் பார்த்து, இரண்டு சரியில்லையென்று திருப்பி அனுப்பி, மறுபடி ஒட்டி வாங்கியிருந்தான். கரி பிடிக்க முக்கால் மணி நேரம் ஆனது.

“இருபத்தொன்பது வருஷம் பத்த வெச்சவன், ஒரு கரியைப் பத்த வைக்கத் தெரியல” என்றாள் என் மனைவி.

“அது வேற பத்த வைக்கிறது, அக்கா.”

“ஆமா, மூணாவது ஒண்ணு இருக்கு. அது உங்க மாமாவுக்கும் மேல்மாடிக்காரிக்கும் நடுவுல நடக்கப் போகுது. அவ துணி மேல போற புகையைப் பாரு.”

குச்சிகளை அடுக்கிச் சற்று நேரம் விட்டு முதல் குச்சியைத் திருப்பினான். குச்சி மட்டும் கையோடு வந்தது. துண்டுகள் கம்பி இடுக்கில் நழுவிக் கரியில் விழுந்தன. இரண்டாவதும் அப்படியே. அவனுக்குத் தெளிவாகத் தெரியவில்லை, “என்ன ஆச்சு மாமா, என்ன ஆச்சு?” என்று கேட்டுக்கொண்டே அடுத்ததைத் திருப்பினான். நான் எண்ணினேன். ஒன்பது.

அதற்கப்புறம் ஒவ்வொரு முறையும் ஒவ்வொரு குற்றவாளியைப் பிடித்தோம். முதலில் கரி. பிறகு கோழிக்கடைக்காரர்.

“கிழட்டுக் கோழியைத் தலையில கட்டிட்டீங்க” என்று இவன் சண்டைக்குப் போக, “கிழட்டுக் கோழின்னா ரப்பர் மாதிரி இருக்கும் அண்ணே, மாவா உதிராது. யாருகிட்டயாவது கேட்டுட்டு வந்து திட்டுங்க” என்று அவர் திருப்பி அனுப்பினார்.

மூன்றாம் முறை குச்சி வழவழப்பென்று உப்புத்தாளால் தேய்த்துச் சொரசொரப்பாக்கினான். நான்காம் முறை நூல் சுற்றினான். நூல் எரிந்தது, கோழி விழுந்தது. ஐந்தாம் முறைக்கு யோசனை சொன்னவன் நான்.

“ஊறல் போதல, மாப்பிள்ளை. முந்தின சாயங்காலமே போட்டுடு.”

பதினாறு மணி நேரம் ஊறியது. அன்று விழாமல் நின்றது இரண்டே குச்சி. மாடியிலிருந்து மேல்மாடிக்காரி எட்டிப் பார்த்து, “இன்னைக்கும் போச்சா? குச்சியைத் தூக்கிப் போட்டுட்டுக் குழம்பு வைங்க அண்ணே, என் துணியாவது தப்பிக்கும்” என்றாள். கோந்து இடுக்கியைக் கீழே போட்டுவிட்டு உள்ளே போய் நாற்காலியில் உட்கார்ந்தான். ரேடியோ போடவில்லை.

மாஸ்டரிடம் கேட்கலாமென்றால் தொலைபேசியை எடுக்க ஆளில்லை. குடலிறக்க ஆபரேஷன் செய்துகொண்டு மகள் வீட்டில் கிடந்தார் என்பது பிறகுதான் தெரிந்தது.

ஏப்ரல் 28 அன்று மன்றத்து முற்றத்தில் அறுபது குச்சி சுட்டோம். நின்றது முப்பத்து நான்கு. அவற்றிலும் தட்டுக்குப் போகும் வழியில் உதிர்ந்தவை உண்டு. அவற்றை நான் கணக்கில் சேர்க்கவில்லை. உதிர்ந்ததையெல்லாம் என் மனைவி கிண்ணங்களில் அள்ளிப் போட்டுக் கடலைக் குழம்பை மேலே ஊற்றிக் கரண்டியோடு நீட்டினாள். மன்றத்துக் கிழவர்கள் தலை நிமிராமல் தின்றார்கள். செயலாளர் வாயைத் துடைத்துக்கொண்டு, “முடிவை எழுதி அனுப்புவோம்” என்றார். அடுப்பை மடியில் வைத்துக்கொண்டு பேருந்தில் வந்த மச்சினன் மூன்று நாள் அதைக் கழுவக்கூட எடுக்கவில்லை.

மே 2 அன்று மாஸ்டரே கூப்பிட்டார். நடந்ததைச் சொன்னேன். செய்முறையைப் படிக்கச் சொன்னார். படித்தேன். ஊறல் வரி வரை பொறுத்திருந்தார். பிறகு கத்தினார்:

“ராத்திரி பூரா ஊறப் போடச் சொன்னது குச்சியைய்யா! தடி மூங்கில், தண்ணி குடிக்கலைன்னா எரிஞ்சு போயிடும். கறிக்கு அரை மணி! அன்னாசிச் சாத்துல ராத்திரி பூரா கறியைப் போட்டா என்னத்துக்கு ஆகும்? செருப்பைப் போட்டா செருப்பே கூழாயிடும்!”

“நீங்க எதைன்னு சொல்லலையே.”

“நீங்க எதைன்னு கேட்கலையே!”

இரண்டும் உண்மை. ஊறப் போடுவது என்றால் எங்கள் வீட்டில் கறியைத்தான். குச்சிக்கு என்ன ஊறல் என்று நினைத்து, கேட்காததைக் கேட்டதாக எழுதி, அடிக்கோடும் போட்டிருக்கிறேன். அதைவிட மோசம், என் கணக்கிலேயே விடை இருந்தது. ஊறும் நேரம் ஏற ஏற விழுவதும் ஏறியிருக்கிறது. ஒன்பது மணி நேரத்துக்குப் பாதிக்கும் கீழே, பதினாறு மணி நேரத்துக்குக் கிட்டத்தட்ட எல்லாம். ஆறு வரிகளையும் எழுதியவன் ஒரு தரம்கூட மேலிருந்து கீழே படிக்கவில்லை.

மே 5. 500 கிராம். கோழி அரை மணி, குச்சி இரவு முழுவதும். 16 குச்சி. விழுந்தது ஒன்றுமில்லை.

கோந்து ஒரு குச்சியை எடுத்துத் தலைகீழாக உதறினான். பல்லால் இழுத்தான். கறி இழுத்த இழுப்புக்கு வந்தது, தானாக வரவில்லை. சந்தோஷப்படுவான் என்று பார்த்தேன்.

“ஒரு வார்த்தை, மாமா” என்றான். “‘எது’ன்னு ஒரே ஒரு வார்த்தை கேட்டிருக்கக் கூடாதா?”

நான் தட்டைக் கழுவப் போனேன்.

மே 9 அன்று மன்றத்தின் கடிதம் வந்தது. நான் படித்தேன், அவன் நின்றுகொண்டே கேட்டான். கவுன்டர் அவனுக்கே, ஜூன் முதல் செவ்வாயும் வெள்ளியும். ஒரே நிபந்தனை: ‘28ஆம் தேதி வழங்கியது போலவே, கரண்டியால் அள்ளி உண்ணும் பதத்தில் இருக்க வேண்டும். உறுப்பினர்கள் 41 பேரில் 29 பேருக்குப் பல்செட். குச்சி தேவையில்லை.’

என் மனைவி சிரித்த சிரிப்பில் மேல்மாடிக்காரி எட்டிப் பார்த்தாள். “அடேய், விழுந்ததே நல்லதாப் போச்சுடா! கும்பிடப் போன சாமி குறுக்கே வந்த மாதிரி!”

“அது சத்தே இல்ல, அக்கா. கூழ்.”

“கூழா இருந்தா என்ன? குடிக்கிறவங்களுக்கு இல்லாத கவலை உனக்கென்ன?”

“சரியாச் செஞ்சதை ஒரு தரம் தின்னு பார்க்கட்டும்” என்றான்.

மே 12 அன்று மன்றத்துக்குப் பத்து குச்சி கொண்டுபோனோம், எல்லாம் அரை மணி ஊறியவை. செயலாளர் ஒன்றை வாங்கிக் கடித்து இழுத்தார். கறி அசையவில்லை. இன்னும் பலமாக இழுத்தார். குச்சி வெளியே வந்தது. அதில் கறி இருந்தது. கறியில் அவருடைய மேல்வரிசைப் பற்கள் இருந்தன. சீட்டு மேசைகளில் ஆட்டம் நின்றுவிட்டது. செயலாளர் பற்களைக் கழற்றிக் கைக்குட்டையில் சுற்றிக்கொண்டு, பல்லில்லாத வாயால் ஏதோ சொன்னார். எனக்கு விளங்கியது, “போன தடவ மாதிரி” என்பது மட்டும்.

“ஒரு நாலு மணி நேரம் ஊற வையேன். நடுத்தரமா வரும்” என்றேன் பேருந்தில்.

“பாதி வெல்டிங்னு ஒண்ணு கிடையாது மாமா. பிடிச்சிருக்கணும், இல்ல பிடிக்காம இருக்கணும்.”

அடுத்த நான்கு நாள் வீட்டில் அக்காவுக்கும் தம்பிக்கும் இதே பேச்சு. “நாற்காலியில உட்கார்ந்து உட்கார்ந்து அதுவே உன்னோட ஒட்டிக்கிச்சு. வெளியே போக ஒரு வழி வந்திருக்கு, போயேண்டா. வீம்பு சோறு போடுமா?” என்று அவள் அழாத குறையாகச் சொல்வாள். அவனும் கொஞ்சம் இறங்கி வந்தான் என்றுதான் நினைத்தேன். மூன்றாம் நாள் இரவு, “செவ்வாய், வெள்ளி எத்தனை மணிக்குத் திறக்கணும்னு போட்டிருக்காங்க?” என்று கேட்டான். நாலரை என்றேன். சரி என்று தலையாட்டிவிட்டுப் படுத்தான். விடிந்ததும் என்னைத் தாளும் பேனாவும் எடுக்கச் சொன்னான்.

“குச்சியில் நிற்காத எதையும் என் பெயரில் தர மாட்டேன். அப்படித் தந்தால் ஆலையில் நான் ஒட்டியதையெல்லாம் நானே பிரித்த மாதிரி. பல்லில்லாதவர்களுக்குத் துண்டைச் சின்னதாக வெட்டித் தருகிறேன். அது சம்மதம் என்றால் கவுன்டரை எடுத்துக்கொள்கிறேன். இல்லையென்றால் வேண்டாம்.”

இந்த முறை ஒவ்வொரு வரியையும் திரும்பப் படித்துக் காட்டி, அவன் சரி என்ற பிறகே அடுத்த வரிக்குப் போனேன். மே 16 காலையில் தபாலில் போட்டேன். என் மனைவி அன்று இருவருக்கும் சோற்றைப் போட்டு வைத்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

பிறகு காத்திருந்தான். அவன் காத்திருந்ததை எங்களிடம் காட்டிக்கொள்ளவில்லை. ஆனால் தபால்காரர் வரும் பதினொன்றரைக்கு ரேடியோ சத்தம் தானாகக் குறையும். சாமான் வைக்கும் அறையில் ஒரு கட்டு மூங்கில் சீவி வைத்தான். துண்டு சின்னதென்றால் எவ்வளவு சின்னது என்று கோழிக்கடைக்காரரிடம் போய் விரலால் அளந்து காட்டிவிட்டு வந்தான்.

பதில் வந்தது. மூன்றே வரி. கவுன்டர் மெத்தென்ற பால்ரொட்டி போடும் ஒருவருக்கு ஒதுக்கப்பட்டுவிட்டது. தங்கள் ஆர்வத்துக்கு நன்றி. இப்படிக்குச் செயலாளர்.

“சின்னத் துண்டைப் பத்தி ஒண்ணும் எழுதலையா?” என்றான்.

“இல்ல.”

“தேதி என்ன போட்டிருக்கு?”

பார்த்தேன். சொல்லாமல் விட்டிருக்கலாம். ஆனால் நான் எந்தத் தேதியையும் மாற்றிச் சொன்னவனில்லை. மே 14 என்றேன். அவன் தலை திரும்பியது.

“நாம எழுதினது பதினாறு.”

“ஆமாம்.”

“அப்போ படிக்கவே இல்ல.”

முடிவு அவர்கள் எடுத்தது. பல்செட் கழன்ற இரண்டாம் நாளே எடுத்தாகிவிட்டது. அவன் மறுத்ததற்கு அதில் இடமே இல்லை. என் மனைவி சமையலறையிலிருந்து, “இதுக்கா நாலு நாள் வீட்டுல சண்டை?” என்றாள். அவன் கடிதத்தை வாங்கி, இடது கண்ணுக்குப் பக்கத்தில் பிடித்துக் கொஞ்ச நேரம் பார்த்தான். எழுத்து தெரிந்திருக்காது.

கடிதம் எழுதியது மே 14. வந்து சேர்ந்தது மே 27. காத்திருந்தது 11 நாள்.