செல்வராஜ் அண்ணன் வைக்காத கையெழுத்து

இன்று காலை நுவரெலியாவில் நல்ல பனி மூட்டம். அலுவலகத்தைத் திறந்து வரவுப் பதிவேட்டில் முதல் கையெழுத்து வைத்தது நான்தான்.

எட்டரைக்குச் செல்வராஜ் அண்ணன் வந்தார். ஆறு வருடங்களுக்கு முன் ஒழுங்கான விசாரணை இல்லாமல் அவரை வேலையிலிருந்து நீக்கினார்கள். வழக்குப் போட்டார். அந்தத் தண்டனை செல்லாது என்று போன வாரம் தீர்ப்பு வந்தது. இன்று மறுபடியும் முதல் நாள்.

பதிவேட்டை நீட்டினேன். பேனாவைத் திறந்தவர் அப்படியே நின்றுவிட்டார்.

“என் கையெழுத்து ஏற்கெனவே இருக்குங்களே, மிஸ்.”

இருந்தது. என் கையெழுத்துக்கும் மேலே, எட்டு மணி என்று.

முந்தைய பக்கங்களைப் புரட்டினேன். நேற்றும் இருந்தது, போன வருடமும் இருந்தது. தினமும் அதே பக்கங்களில் எழுதுகிற நான் ஒருநாளும் அதைக் கண்டதில்லை.

“யாராச்சும் வெளையாடுறாங்களா அண்ணே?”

அவர் இன்றைய கையெழுத்தைத் தொட்டுப் பார்த்தார். மை விரலில் ஒட்டியது.

“ஆறு வருசமா காலையில சட்டையப் போட்டுக்கிட்டு வாசல்ல நிப்பேங்க. சம்சாரம் திட்டும். அதத் தாண்டி நான் எங்கயும் போனதில்ல.”

பிறகு, கீழே இன்னொரு கையெழுத்து வைத்தார். இரண்டும் அச்சாக ஒன்றே.

எதை வெட்டுவது என்று தலைமை எழுதுவினைஞர் என்னிடம் கேட்கிறார். நீங்களாவது சொல்லுங்கள்.