நிரயா என்றால் நிறைவு இல்லை

ஃபேரர் பார்க் வட்டாரத்தில் ஒரு பல் கிளினிக்கின் வரவேற்பு மேசையில் இருபத்தாறு வருடம் உட்கார்ந்தவர் அந்தோனியம்மாள். யார் பெயரையும் தப்பாகக் கூப்பிட்டதில்லை என்பதில் அவருக்குக் கொஞ்சம் கர்வம்கூட உண்டு. ஓய்வுபெற்ற பிறகு, பிள்ளைகளுக்கு ஞானஸ்நானம் கொடுக்க வரும் பெற்றோருக்காக, பெயர்களும் பொருளும் கொண்ட சின்னப் புத்தகம் ஒன்றைப் பங்குக் கோயிலுக்குத் தொகுத்துக் கொடுத்தார். எல்லாம் இணையத்தில் பார்த்து எழுதியவை.

ஆறு வருடம் கழித்து ஃபாதர் இரண்டாம் பதிப்பு கேட்டார். இந்த முறை அகராதியோடு ஒத்துப் பார்த்துவிடலாம் என்று நூலகத்துக்குப் போனார் அந்தோனியம்மாள். மூன்றாம் நாள் ‘நி’ வரிசை வந்தது. அவர் புத்தகத்தில், ‘நிரயா: நிறைவானவள்’. அகராதியில் நிரயம் என்ற சொல்லுக்கு நேரே, ‘நரகம்’.

கண்ணாடியைத் துடைத்துவிட்டு மறுபடி படித்தார். இன்னொரு அகராதியை எடுத்துப் பார்த்தார். அதிலும் நரகம்தான். நிறைவுக்குப் பெரிய ற. இது சின்ன ர. எழுதும்போது அது உறைக்கவே இல்லை. போன மாதம்தான் ரோனி, ஜோவன்னா தம்பதியின் பெண் குழந்தைக்கு ஃபாதர் தலையில் தண்ணீர் ஊற்றி அந்தப் பெயரைச் சொன்னார். முன்வரிசையில் நின்று ‘ஆமென்’ சொன்னவர்களில் இவரும் ஒருவர்.

அன்று மாலையே ரயில் பிடித்து புக்கிட் பாஞ்சாங்கில் அவர்கள் வீட்டுக் கதவைத் தட்டினார்.

“என்ன ஆன்டி, திடீர்னு? உக்காருங்க” என்றாள் ஜோவன்னா.

அவர் உட்காராமல், நகலெடுத்து வந்த பக்கத்தை நீட்டினார். படித்த ஜோவன்னாவின் முகம் வெளிறியது. தோளில் தூங்கிய குழந்தையை இன்னும் இறுக்கிக்கொண்டாள்.

ரோனி தாளை வாங்கிப் பார்த்தான். “உங்க புக்ல பாத்துத்தான் வச்சோம் ஆன்டி.”

“ஆமாப்பா. நான் சரிபாக்கல. என் தப்பு.”

“பர்த் சர்டிஃபிகேட்லயே ஏறிடுச்சு லா.” தாளைத் திருப்பிக் கொடுத்தான். “ராத்திரியெல்லாம் அந்தப் பேரைச் சொல்லித்தான் தூங்க வைக்கிறோம்.”

ஜோவன்னா கேட்டாள்: “மாத்தலாமா ஆன்டி?”

“மாத்தலாம்மா. ஃபாதர்கிட்ட நான் பேசறேன்.”

“அப்ப நீங்களே ஒரு பேர் சொல்லுங்க.”

“வேணாம்மா. நீங்க தேடுங்க. நான் அர்த்தம் மட்டும் பாத்துச் சொல்றேன்.”

குழந்தை யாழினி ஆனாள். ரோனி இன்னும் அவரிடம் முகம் கொடுத்துப் பேசுவதில்லை.

புத்தகத்தை எத்தனை பேர் வீட்டுக்கு எடுத்துப்போனார்கள் என்று கோயிலில் கணக்கில்லை. அதனால் அடுத்த ஞாயிறு பூசை முடிந்ததும் அந்தோனியம்மாள் தாமே மைக் முன் போய், அந்தப் பெயரையும் அதன் உண்மையான பொருளையும் சொன்னார். கடைசி வரிசையில் குழந்தையோடு நின்றிருந்த, அவருக்கு முன்பின் தெரியாத ஒரு பெண், அப்படியே பெஞ்சில் சரிந்து உட்கார்ந்தாள்.

மைக்கை விட்டுவிட்டு அவளை நோக்கி நடந்தார் அந்தோனியம்மாள்.