வீட்டில் எப்படிக் கூப்பிடுவார்கள்?

என் அக்கா ஒரு மருத்துவமனையில் நர்ஸ். ஆபரேஷன் முடிந்தவர்களை மயக்கம் தெளியும்வரை படுக்க வைத்திருக்கும் அறையில் அவளுக்கு வேலை. கன்னத்தைத் தட்டி, பெயரைச் சொல்லி எழுப்ப வேண்டும். தூங்குபவர்களை எழுப்பச் சம்பளம் வாங்குகிறாள் என்று கேலி செய்வேன். "உன்னை எழுப்புறதுக்குத்தான் எவனும் சம்பளம் தர மாட்டேங்குறான்" என்பாள்.

அவளுக்கு ஒரு பழக்கம். ஆபரேஷனுக்குக் கொண்டுபோகும்முன் ஒவ்வொருவரிடமும் குனிந்து, "வீட்டுல உங்கள எப்படிக் கூப்பிடுவாங்க?" என்று கேட்டுவைத்துக்கொள்வாள். பெரிய அதிகாரி ஒருவர் நெளிந்துகொண்டே "குண்டு" என்றாராம். முழுப்பெயரை எத்தனை முறை சொல்லியும் அசையாத மனிதர், "குண்டு, எந்திரிங்க" என்றதும் "உம்" கொட்டினாராம். அதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பாள்.

அவளுக்கும் ஒரு செல்லப்பெயர் உண்டு. அம்மா வைத்தது, அம்மா மட்டுமே கூப்பிடுவது. எனக்கு அவள் அக்கா. டாக்டர் முதல் தரை துடைப்பவர் வரை மருத்துவமனையிலும் எல்லோருக்கும் அக்காதான். கல்யாணம் காட்சி எதுவும் வேண்டாமென்று அம்மாவோடு இருந்துவிட்டவளை வேறு யார் அப்படிக் கூப்பிடப்போகிறார்கள்?

அந்த அம்மாவுக்குத்தான் நினைவு தப்பத் தொடங்கியது. அடுப்பை மறந்தாள், தெருவை மறந்தாள். ஒருநாள் வேலை முடிந்து யூனிஃபார்மோடு வந்து நின்ற அக்காவைப் பார்த்து, "நர்சம்மா, என் பொண்ணு எப்ப வருவா?" என்று கேட்டாள்.

"இப்ப வந்துடுவாம்மா" என்றாள் அக்கா.

அன்றிலிருந்து வீட்டிலும் அவள் நர்சம்மாதான். "அம்மா அந்தப் பேரைச் சொல்லி ஒரே ஒரு தடவை கூப்பிட்டாப் போதும்டா" என்று என்னிடம் சொன்னாள். எதற்கும் கலங்காத அழுத்தக்காரி, அன்று தேம்பித் தேம்பி அழுதாள்.

பிறகு அவளுக்கே தலையில் கட்டி என்றார்கள். ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. ஆனால் அக்கா கண் திறக்கவில்லை. அவள் வேலை பார்த்த அதே அறையில், அவளோடு வேலை பார்த்தவர்கள் "அக்கா, அக்கா" என்று மாறி மாறிக் கூப்பிட்டார்கள்.

"ஸ்கேன்ல ஒண்ணும் தப்பாத் தெரியல. கூப்பிட்டுக்கிட்டே இருங்க" என்றார் டாக்டர். ஆனால் அவர் முகத்திலும் ஈயாடவில்லை.

நான் அந்தச் செல்லப்பெயரைச் சொல்லிப் பார்த்தேன். என் வாயில் அது இரவல் சட்டைபோலப் பொருந்தாமல் நின்றது. அவள் இமைகூட அசையவில்லை.

அம்மாவை அழைத்து வந்தேன். கட்டிலருகே உட்காரவைத்து, "அம்மா, பேரைச் சொல்லிக் கூப்பிடும்மா" என்று அந்தப் பெயரையும் சொல்லிக்கொடுத்துக் கெஞ்சினேன். அம்மா அக்காவின் கன்னத்தைத் தடவினாள்.

"பாவம், யாரு பெத்த பொண்ணோ! இவ அம்மாவை வரச் சொல்லுங்க தம்பி. அவ வந்து கூப்பிட்டா எந்திரிச்சிடுவா."

எனக்கு ஆத்திரமும் அழுகையும் ஒன்றாக வந்தன. பெற்ற பிள்ளைகள் இருவரும் எதிரில் இருக்க, இப்படியும் ஒரு மறதியா என்று சுவரில் முட்டிக்கொள்ளத் தோன்றியது. அம்மா விடாமல் பேசிக்கொண்டே இருந்தாள். "பச்சப்புள்ள மாதிரி தூங்குறா பாரு" என்றாள்.

அக்காவின் இமை துடித்தது. மெல்லக் கண்ணைத் திறந்து, அம்மாவைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள்.

"அம்மா குரல் கேட்டுச்சுடா" என்றாள். தொண்டை கட்டியிருந்தது. "என்னைப் பேரு சொல்லிக் கூப்பிட்டாங்கல்ல?"

"ஆமாக்கா" என்றேன்.

அம்மா என் சட்டையைப் பிடித்து இழுத்து, "இவ அம்மா வந்துட்டாளா?" என்று கேட்டுக்கொண்டிருந்தாள்.